ஃபார்லி இறங்கி வந்த நாட்கள்

நீர்க்கொம்பு எஸ்டேட்டில் மழை பிடித்த பதினோராம் நாள், மேட்டுக் கல்லறையில் நூறு வருஷமாகக் குடியிருந்த ஒரு பேர் கல்லை விட்டு இறங்கிக் கீழே வரத் தொடங்கியது; அதற்கு இரண்டு நாள் முன்னால்தான் தொழிலாளர் வரிசை வீடுகளான ஏழாம் லயத்தில் பேச்சித்தாய்க்குப் பிள்ளை பிறந்திருந்தது.

மேட்டில் இருந்தது ஒரே ஒரு கல்லறை. தேயிலைக்கு முன்னால் இந்த மலை வெறும் காடாக இருந்தபோது வந்து, காய்ச்சலில் போய்ச் சேர்ந்த யாரோ ஒரு வெள்ளைக்காரருடையது. கல்லின் மேல்பாதியை என்றோ ஒரு யானை முதுகு உரசி உடைத்துவிட்டதால் முன்பேரும் வருஷமும் போய்விட்டன. கட்டைவிரல் நீளத்துக்கு ஈயம் வார்த்துப் பதித்த ஆறு இங்கிலீஷ் எழுத்துகளாகக் கடைசிப் பேர் மட்டும் மிஞ்சியிருந்தது. ஃபார்லி. ஆணா பெண்ணா என்று சொல்ல அந்தக் கல்லில் வேறெதுவும் இல்லை. மழையை அளந்து அளந்து நோட்டில் எழுதிய துரை அவர் என்று பேக்டரி ஆட்கள் சொல்வார்கள். கொழுந்து பறிக்கிற பெண்கள், அதெல்லாம் இல்லை, காய்ச்சல்காரர்களுக்குத் தன் கையால் கஞ்சி ஊற்றிய அம்மா என்பார்கள். சண்டை தீராததால் ஒரு வழக்கம் வந்தது. ஆடி முதல் வெள்ளியில் மேடு ஏறுகிறவர்கள் ஒரு சுருட்டும் ஒரு டஜன் கண்ணாடி வளையலும் கல்லின் காலடியில் வைத்து, "வேணுங்கிறத எடுத்துக்கோ, கோவிச்சுக்காத" என்று கும்பிட்டுவிட்டு வருவார்கள். மறுநாள் பார்த்தால் சில வருஷம் சுருட்டு இருக்காது, சில வருஷம் வளையல் இருக்காது, ஒரு வருஷம் இரண்டுமே இல்லை. எல்லாம் குரங்கு வேலை என்பார் சூப்பர்வைசர் குரியன். நாங்கள் அதை மறுத்ததும் இல்லை, நம்பியதும் இல்லை.

பேச்சித்தாயின் பிரசவம் எஸ்டேட் ஆஸ்பத்திரியில் நடந்தது. மருத்துவச்சி அற்புதமேரி சிஸ்டர் முப்பது வருஷத்தில் அந்த மலையின் பாதிப் பேரைத் தன் கையால் வெளியே எடுத்தவர். பிள்ளை வெளியே வந்ததும் வராந்தாவுக்குக் கேட்கிறாற்போல் ஆண் என்றோ பெண் என்றோ சத்தம் போட்டுச் சொல்வது அவர் பழக்கம். அன்றைக்குச் சத்தமே வரவில்லை. பிள்ளையை ஒரு தரம் கழுவினார், விளக்கருகே கொண்டுபோய்ப் பார்த்தார், இன்னொரு தரம் கழுவினார், மூன்றாம் தரமும் கழுவித் துணியில் சுற்றித் தாயின் பக்கத்தில் கிடத்தினார்.

"என்ன பிள்ளை சிஸ்டர்?" என்றாள் பேச்சித்தாய்.

"நல்ல பிள்ளை" என்றார் அற்புதமேரி.

வராந்தாவில் நின்ற தகப்பன் வேலாண்டிக்கும் அதே பதில்தான், பார்க்க வந்த பெண்களுக்கும் அதே பதில்தான். ஆனால் லயத்தின் சுவர்கள் ஒற்றைச் செங்கல் சுவர்கள், அதில் எதுவும் நிற்காது. ஆண் என்றும் சொல்ல முடியாத, பெண் என்றும் சொல்ல முடியாத உடம்போடு பேச்சித்தாயின் பிள்ளை பிறந்திருக்கிறது என்பது மூன்றாம் நாளுக்குள் எல்லாருக்கும் தெரிந்துபோனது. தெரிந்தும், எதிரே பேச்சித்தாயைப் பார்த்தவர்கள், "பிள்ளை நல்லா பால் குடிக்கா?" என்று மட்டும் கேட்டார்கள், அதற்காக அந்த மலையை இன்றைக்கும் நான் மெச்சுகிறேன்.

பிள்ளை பிறந்த பத்தாம் நாள் தென்காசிப் பக்கத்திலிருந்து ஒரு கடிதம் வந்தது. எஸ்டேட் பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்பு எடுத்துக்கொண்டிருந்த நான்தான் அந்த லயங்களுக்கு வரும் கடிதங்களை எல்லாம் வாசித்துச் சொல்கிறவள். எழுதியிருந்தது வேலாண்டியின் அக்கா பூமாரி. அந்த வீட்டு வழக்கத்தில் பிறந்த பிள்ளையை நாற்பத்தோராம் நாள் மடியில் வாங்கி, காதில் மூன்று தரம் பேர் சொல்லித் தொட்டிலில் போட வேண்டியது அத்தை. அவள் சொல்லாத பேர் பேரே இல்லை. 'தம்பி எழுதினது தெரிந்து கொண்டேன். ஆம்பளை என்றால் தாத்தா பேர் இருக்கிறது, பொம்பளை என்றால் அம்மன் பேர் இருக்கிறது. இரண்டும் இல்லாததை நான் எந்தப் பேர் சொல்லித் தொட்டிலில் போட? ஊர் சிரிக்கும். இங்கே பக்கத்தில் ஒரு இல்லம் இருக்கிறது, இந்த மாதிரிப் பிள்ளைகளை வாங்கிக்கொள்கிறார்கள், நன்றாகப் பார்த்துக்கொள்கிறார்கள். நாற்பத்தோராம் நாள் வருகிறேன். அன்றைக்கு ஞாயிறு. பத்து மணி பஸ்ஸில் நானே பிள்ளையைக் கீழே கொண்டுபோய் விடுகிறேன். பேச்சிக்கு இன்னும் வயசு இருக்கிறது.'

நான் வாசித்து முடித்தபோது வேலாண்டி கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். கெட்ட மனிதர் இல்லை; பேக்டரியில் இலை வாட்டும் மாடியில் வேலை, குடியில்லை, கை நீட்டுகிறதில்லை. பயந்தவர். பேச்சித்தாய் பிள்ளையை ஒரு மார்பிலிருந்து இன்னொரு மார்புக்கு மாற்றிக்கொண்டு, "கடுதாசிய மடிச்சு வைங்க டீச்சர், ஈரம் பட்டுரும்" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள்.

இதற்குள் முதல் எழுத்து ஒன்பதாம் நம்பர் தேயிலைக் காட்டைத் தாண்டியிருந்தது.

முதலில் பார்த்தவள் தங்கப்பழம், எஸ்டேட்டிலேயே வேகமாகக் கொழுந்து பறிக்கிறவள். கால் அட்டைக்குப் புகையிலைத் தூள் தடவக் குனிந்தபோது, தேயிலைத் தூருக்கு நடுவே பெரிய அட்டை போல ஒன்று, ஒரு நுனியை ஊன்றி மறு நுனியை இழுத்து, திரும்பவும் ஊன்றித் திரும்பவும் இழுத்துப் போய்க்கொண்டிருந்தது. புகையிலைத் தூளைத் தூவினாள், அது நிற்கவில்லை. தொட்டுப் பார்த்தாள், ஈயம். மேட்டுக்கு ஆள் ஏறிப் பார்த்தபோது கல்லில் முதல் எழுத்து இருந்த இடத்தில் பாசி பிடிக்காத வெள்ளைத் தடம் மட்டும் இருந்தது.

"எங்க போவுதாம்?" என்றாள் ஒருத்தி.

"கீழதான். ஏழாம் லயத்துப் பக்கம் மூஞ்சி வச்சிருக்கு."

"எழுத்துக்கு ஏதுட்டீ மூஞ்சி?"

"ஒனக்கே இருக்கும்போது அதுக்கு இருக்கக் கூடாதா?"

எடை போடுகிற இடத்தில் இதற்கு மேல் அதைப் பற்றிப் பேச நேரமில்லை, மழை நேரத்தில் கொழுந்து காத்திருக்காது. புறப்பட்ட எட்டாம் நாள் அது ஏழாம் லயத்துக்கு வந்து, பேச்சித்தாய் வீட்டு வாசற்படியில் ஏற மூன்று மணி நேரம் எடுத்துக்கொண்டு, சமையல் மூலையைச் சுற்றி, தொட்டில் சேலை கட்டியிருந்த உத்தரத்துக்குக் கீழே சுண்ணாம்புச் சுவரில் ஏறி, கண் உயரத்துக்கு வந்ததும் நின்றுவிட்டது. பேச்சித்தாய் வழியிலிருந்த பால்செம்பை நகர்த்தி வைத்தாள், அவ்வளவே. மறுநாள் இரண்டாம் எழுத்து கல்லை விட்டு இறங்கியது. தடம் விழுந்துவிட்டதால் பின்னால் வந்தவை ஒவ்வொன்றும் ஆறே நாளில் வந்து சேர்ந்தன.

இங்கிலீஷ் தெரியாதவர்கள் எழுத்துகளுக்குத் தாங்களே பேர் வைத்துக்கொண்டார்கள். முதலாவது சாவி. இரண்டாவது கூடாரம். மூன்றாவது காலை நீட்டி உட்கார்ந்த கங்காணி. நாலாவது மண்வெட்டி, ஐந்தாவது பல் போன சீப்பு, ஆறாவது கொழுந்து. இரண்டு இலையும் நடுவில் காம்புமாக அச்சு அசல் அப்படித்தான் இருந்தது. கூடாரம் தார்ரோட்டைக் கடந்த அன்று மலைக்கு வந்த பஸ் அரைமணி நேரம் என்ஜினை அணைத்துக்கொண்டு நின்றது, ஆட்கள் இறங்கி டீ குடித்தார்கள், தாமதத்துக்குக் காரணம் 'எழுத்து கடந்தது' என்று கண்டக்டர் எழுதிக் கையெழுத்துப் போட்டார், டிப்போவில் யாரும் ஏன் என்று கேட்கவில்லை. சூப்பர்வைசர் குரியன் அந்தப் பாதையில் இருந்த காடுகளில் மருந்தடிப்பை நிறுத்திவிட்டு, "அதுக்குக் கண்ணு எரியும்" என்றார். தன் டைரியில் மழை அளவுக்குக் கீழே 'கங்காணி, பதினொன்றாம் காடு, நல்ல நடை' என்று தினமும் குறித்துவைத்தார். சாயங்காலம் வேலை விட்டு இறங்குகிறவர்கள், யாராவது காய்ச்சல்காரரை எட்டிப் பார்த்துவிட்டுப் போவது போல, எழுத்து எங்கே வந்திருக்கிறது என்று பார்த்துவிட்டுப் போனார்கள். ஒருத்தி அதன் மேல் மஞ்சள் தண்ணீர் தெளித்தாள். ஒருவர் மழைக்குக் கூடையைக் கவிழ்த்து வைத்தார், அது கூடையையும் தூக்கிக்கொண்டு நடந்தது.

டீக்கடைக்காரர் சங்கிலி மட்டும் முதலில் கிண்டல் பண்ணினார். "என்னய்யா பேரு இது, பார்லியா? நல்லதுதான், பிள்ளைக்கு நீர்க்கடுப்பே வராது."

"ஒம்ம பேரச் சொன்னா நாய் கட்டத்தான் தோணுது, நாங்க என்னிக்காச்சும் சொன்னமா?" என்றாள் தங்கப்பழம். அதன் பிறகு அவரும் ஒழுங்காக, உதட்டைப் பல்லில் வைத்து, ஃபார்லி என்று சொல்லப் பழகிக்கொண்டார்.

சொல்லச் சொல்ல எங்களுக்கு அந்தப் பேர் பிடித்துப்போனது. சூடான பாலை ஊதி ஆற்றுகிற மாதிரி ஒரு சின்னக் காற்றில் தொடங்கி, நடுவில் வாய் மலர்ந்து, கடைசியில் நாக்கு மேலண்ணத்தை ஒரு தரம் தொட்டுவிட்டு இறங்குகிற பேர். உரக்கக் கூப்பிட்டால் பள்ளத்தாக்கு தாண்டிப் போகும், மெல்லச் சொன்னால் பிள்ளை விழிக்காது. பேரைக் கேட்டதும் இவள் கோலம் போடுவாள், இவன் விறகு வெட்டுவான் என்று முன்கூட்டியே ஒரு முடிவுக்கு வரவைக்காத பேர். எனக்கு என் அப்பா வைத்த பேர், அடக்கம் என்று பொருள்படுவது. அறுபது வருஷமாக அதை ஒரு சொற்படி கேட்கிற மாடு மாதிரி இழுத்துக்கொண்டு வருகிறேன். கவிதை எழுதலாம் என்று நினைத்த காலத்தில்கூடப் பேரை மாற்றிக்கொள்ளத் தோன்றவில்லை எனக்கு. ஒரு பேர் மலையிலிருந்து ஈயக் காலால் நடந்து வந்து, நான் யாருக்கும் பொருந்துவேன் என்று சுவரில் நிற்பதைப் பார்த்தபோது, கொஞ்சம் பொறாமையாகக்கூட இருந்தது.

அதற்குப் பொருள் என்ன என்று பேச்சித்தாய் ஒருநாள் கேட்டாள். எனக்குத் தெரியவில்லை. கோயம்புத்தூரில் எனக்கு இங்கிலீஷ் பாடம் எடுத்த பேராசிரியைக்கு எழுதிக் கேட்டேன். ஐந்தாம் எழுத்து பத்தாம் நம்பர் காட்டில் இருந்தபோது பதில் வந்தது. அந்தக் கடிதத்தை மதிய எடை நேரத்தில், தகரக் கொட்டகையின் மேல் மழை கொட்டிக்கொண்டிருக்க, எல்லாரும் கேட்கிறாற்போல் வாசித்தேன். முதலில் அது ஆள் பேரே இல்லை, இடத்தின் பேர். அந்தத் தேசத்தில் வெகுகாலத்துக்கு முன்னால் காட்டுக்கு நடுவே மரம் வெட்டி உண்டான வெட்டவெளி ஒன்றில் பெரணி மண்டிக் கிடந்ததாம். பெரணி வெளி என்று அந்த இடத்துக்குப் பேர். அங்கே குடியிருந்தவர்களுக்கு இடத்தின் பேரே குடும்பப் பேராகி, பிறகு அந்தக் குடும்பத்துப் பேரை ஆசைப்பட்டவர்கள் எல்லாம் தங்கள் பிள்ளைகளுக்கு முதல் பேராக வைக்கத் தொடங்கினார்களாம். பையனுக்கும் வைக்கிறார்கள், பெண்ணுக்கும் வைக்கிறார்கள், பேர் ஒன்றும் மறுப்பதில்லை என்று எழுதியிருந்தார்.

"பெரணியா?" என்றாள் பேச்சித்தாய். பிள்ளை அவள் முதுகில் துணிக்கட்டில் தூங்கிக்கொண்டிருந்தது. "அது பூக்காதே டீச்சர்."

தங்கப்பழம் தன் கூடையைத் தராசில் ஏற்றினாள்.

"பூக்காதுதான்" என்றாள் தங்கப்பழம். "காய்க்கவும் காய்க்காது. ஆனா போன வருசம் மலை சரிஞ்சு நாலு வீடு போச்சே, அந்தச் செம்மண்ணுல முதல்ல தலை நீட்டுனது எது? தேயிலையா? நாம ஊனுன சவுக்கா? அதுதானட்டீ."

"ஆமா" என்றாள் பேச்சித்தாய். "அதுதான்."

குரியன் தராசைப் பார்த்தபடியே, "எத்தனை தரம் வெட்டி எறிஞ்சாலும் வரும், சவத்து சாதனம்" என்றார். அது அவர் சொன்ன பாராட்டு என்பது எங்களுக்குத் தெரியும்.

சொன்னதற்கு இரண்டு நாள் முன்னதாக, வெள்ளிக்கிழமையே பூமாரி வந்து இறங்கினாள். கையில் ஒரு துணிப்பை, பைக்குள் பிள்ளையைப் போகிற வழியில் போர்த்த ஒரு புதுத் துண்டு. வந்ததும் சுவரைப் பார்த்தாள். ஐந்து எழுத்துகள் ஒரே வரிசையில், நூல் பிடித்தாற்போல் நின்றன. நடந்ததை எல்லாம் வேலாண்டி தலையைக் குனிந்துகொண்டு சொன்னார். பூமாரி ஆச்சரியப்படவில்லை, கீழேயும் எல்லாம் நடக்கத்தான் செய்கிறது.

"கல்லறையில கெடந்த பேரையா பிள்ளைக்கு வைக்கப் போறிய?"

"அது கெடக்கல மதினி, எறங்கி வந்திருக்கு" என்றாள் பேச்சித்தாய். "ஒங்க தம்பியும் நானும் கூப்பிடாமயே வந்திருக்கு. நம்ம வீடு தேடி யாரு வந்தா இத்தன நாளு?"

"ஆம்பள பேரா, பொம்பள பேரா?"

"பேரு."

பூமாரி நெடுநேரம் சுவரைப் பார்த்தாள். பிள்ளையைப் பார்க்கவில்லை, பார்த்துவிடுவோமோ என்று பயந்தவள் போல முகத்தைத் திருப்பியே வைத்திருந்தாள். "இன்னும் ஒரு எழுத்து வரணும்னு டீச்சர் சொல்லுதாவ. ஏ பேச்சி, நான் ஒண்ணு சொல்லுதேன் கேட்டுக்கோ. கொறையாப் பொறந்த பிள்ளைக்குக் கொறையான பேரையும் என் வாயால சொல்ல மாட்டேன். ஞாயித்துக்கெழம பத்து மணி பஸ்ஸுக்குள்ள முழுசா வந்து நின்னுச்சுன்னா நான் சொல்லுதேன். வரலன்னா பிள்ளை என்கூட வருது. நீ அழக் கூடாது."

"கொறையாப் பொறக்கல" என்றாள் பேச்சித்தாய். "ஆனா சரி."

சனிக்கிழமை காலை கொழுந்து எழுத்து பதினாலாம் நம்பர் காட்டின் கீழ் எல்லையில் இருந்தது. லயத்துக்கு நானூறு அடி. எழுத்தின் நடைக்கு அது போதுமான நேரம், குரியன் கடிகாரம் வைத்துக் கணக்குப் பார்த்திருந்தார். ஆனால் அன்று மழை விட்டு வெயில் முகம் காட்டியது. ஏழு வாரமாக மூடியிருந்த மலையில் வெயில் பட்டதும் கொழுந்து ஒரே மூச்சில் மேலே வந்துவிட்டது. பதினாலாம் காட்டில் எல்லாரையும் இறக்கினார்கள். எழுத்து, ஈரம் ஏறிய தூரை விட்டு வெயிலுக்கு ஆசைப்பட்டோ என்னவோ, செடியின் மேல் ஏறி இலை மட்டத்தில் நடந்துகொண்டிருந்தது. தங்கப்பழத்தின் கண்கள் அந்நேரம் அடுத்த வரிசையில் இருந்த பெண்ணோடு பேச்சில் இருந்தன. அவள் விரல்களுக்குக் கண் தேவையில்லை. இரண்டு இலை ஒரு மொட்டு எங்கே தட்டுப்பட்டாலும் அவை கிள்ளும், தோளுக்கு மேல் எறியும், கூடையில் விழும். இருபத்திரண்டு வருஷமாக அந்த விரல்கள் வேறொன்றும் செய்ததில்லை.

மூன்று மணிக்கு எல்லாரும் எழுத்தைத் தேடினார்கள். நாலு மணிக்குத் தங்கப்பழம் தன் வலது கைக் கட்டைவிரல் நகம் ஈயக் கருப்பாக இருப்பதைப் பார்த்தாள். அதற்குள் அன்றைய இலை முழுவதும் லாரி ஏறி பேக்டரிக்குப் போய், வாட்டும் மாடியில் நாலாயிரம் கிலோ இலையோடு இலையாகப் பரப்பியாகிவிட்டது.

அவள் ஓடி வந்து பேச்சித்தாயின் வாசலில் விழுந்தாள். "என் வெரல வெட்டிப் போடு பேச்சி. பாவி வெரலு, எழுத்துன்னு பாக்காம கிள்ளிட்டே."

"எந்திரிங்கக்கா" என்றாள் பேச்சித்தாய். "ஒங்க வெரலு அதுக்குத் தெரிஞ்சதத்தான் செஞ்சுது."

வாட்டும் மாடிக்குள் அங்கே வேலை செய்கிறவர்கள் தவிர யாரையும் விட மாட்டார்கள். கண்டவர் கை பட்டால் இலை கெடும். விடிந்ததும் அந்த இலையைப் புரட்டி, மாடித் துளை வழியாகக் கீழே ரோலருக்குள் தள்ளிவிடுவார்கள். ரோலருக்குள் போனது எதுவானாலும் தூளாகத்தான் வெளியே வரும். ஞாயிற்றுக்கிழமை விடியற்காலை ஷிப்ட் யாருக்கு என்று எல்லாருக்கும் தெரியும். வேலாண்டிக்கு. அதனால் அன்று மாலை ஏழாம் லயத்தில் யாரும் அவரிடம் எதுவும் கேட்கவில்லை. கேட்டால் அது கட்டாயப்படுத்தியதாகிவிடும் என்று எல்லாருக்கும் தோன்றியிருக்க வேண்டும். பூமாரி தன் துணிப்பையை எடுத்து வாசலருகே வைத்தாள்.

விடியற்காலை அவர் தலையில் துண்டைச் சுற்றிக்கொண்டு கிளம்பும்போது பேச்சித்தாய் மட்டும் சொன்னாள்: "கண்ணுல படலன்னா படலன்னு சொல்லுங்க, நான் நம்புவேன். பட்டுட்டுப் படலன்னு மட்டும் சொல்லிராதீங்க. அது எனக்குத் தெரிஞ்சுபோவும், அப்புறம் நான் ஒங்க மூஞ்சியப் பாக்கணும்லா."

மாடியில் என்ன நடந்தது என்பது, வருஷங்கள் கழித்து அவரே ஒரு நாள் சொன்னது. இலை இரவெல்லாம் வாடித் துணி மாதிரித் துவண்டு கிடந்ததாம். அவர் ஒரு கோடியிலிருந்து கையாலேயே புரட்டிக்கொண்டு வந்திருக்கிறார். ஏழாவது தட்டில், அத்தனை துவண்ட இலைக்கு நடுவே ஒன்று மட்டும் வாடாமல் விறைப்பாக நின்றது. எடுத்து உள்ளங்கையில் வைத்தார். சின்னதுதான், ஆனால் கனத்தது, குளிர்ந்திருந்தது. அது நகரவில்லை, ஐந்து வாரம் மலையெல்லாம் நடந்த ஜாதி, அவர் கையில் மட்டும் சும்மா கிடந்ததாம், இனிமேல் உன் இஷ்டம் என்கிற மாதிரி. காலடியில் துளை திறந்திருந்தது. கீழே ரோலர் சுற்றுகிற சத்தம். அக்கா சொன்ன இல்லத்தை நினைத்தாராம். நல்ல இல்லமாகத்தான் இருக்கும். ஊரில் கல்யாணம் காட்சிக்குப் போனால் பிள்ளையைப் பற்றிக் கேட்பார்கள், என்ன சொல்வது என்று நினைத்தாராம். "ஒரு வெரல விட்டா முடிஞ்சிரும் டீச்சர், யாருக்கும் தெரியாது" என்றார் என்னிடம். "அந்த நேரம் பாத்து எனக்குப் பிள்ளையோட கொட்டாவி ஞாபகம் வந்துச்சு. முந்தின நாள் என்னப் பாத்து ஒரு கொட்டாவி விட்டுது. இவ்வளவு பெரிசு."

கீழேயிருந்து, "ஏல வேலாண்டி, தூங்குதியா? எலையத் தள்ளுல" என்று சத்தம் வந்தது. அவர் இலையைத் தள்ளினார். நாலாயிரம் கிலோவும் போனது.

ஒன்பதே முக்காலுக்கு அவர் லயத்து வளைவில் வருவதைப் பார்த்தோம். ஏழாம் லயம் முழுக்க வாசலில் நின்றது. பஸ் ஏற்கெனவே வந்து வளைவில் உறுமிக்கொண்டிருந்தது. எல்லாருடைய கண்ணும் அவர் கையில்தான். இரண்டு கையும் வெறுமையாக ஆடிக்கொண்டு வந்தன. தலையிலிருந்த துண்டைக்கூட அவிழ்த்துத் தோளில் போட்டிருந்தார்.

"பாத்தீங்களா?" என்றாள் பேச்சித்தாய்.

அவர் பதில் சொல்லவில்லை.

"வேலாண்டி, சொல்லுல" என்றாள் பூமாரி. "பாத்தியா இல்லியா?"

அவர் வாயைத் திறக்கவில்லை. கண் கலங்கியிருந்தது. பூமாரி ஒரு பெருமூச்சு விட்டு, புதுத் துண்டை உதறி, தொட்டிலில் கைவிட்டுப் பிள்ளையைத் தூக்கினாள். பேச்சித்தாய் அழவில்லை, அழ மாட்டேன் என்று ஒத்துக்கொண்டிருந்தாள் அல்லவா. சுவரில் ஐந்தாம் எழுத்துக்குப் பக்கத்தில் கிடந்த காலி இடத்தில் உள்ளங்கையை வைத்துக்கொண்டு நின்றாள்.

வேலாண்டி நேராக அவளிடம் போனார். அவள் கையை மெல்ல எடுத்து விலக்கினார். சுவருக்கு மிக அருகில் முகத்தைக் கொண்டுபோய் வாயைத் திறந்தார். நாக்குக்கு அடியிலிருந்து, உதட்டைத் தாண்டி, ஈயத்தின் கருப்பு முகவாயெல்லாம் வழிய, அது இறங்கிச் சுவரில் கால் வைத்தது. இரண்டு கையை விரித்து ஒற்றைக் காலில் ஒரு நிமிஷம் நின்று பார்த்துவிட்டு, வரிசையின் கடைசியில் போய் ஒட்டிக்கொண்டது. பேக்டரி வாசலில் தினமும் கையையும் மடியையும் தலைத்துண்டையும் தடவிப் பார்த்துத்தான் ஆளை வெளியே விடுவார்கள், ஒரு இலை வெளியே போகக் கூடாது. வாய்க்குள் மட்டும் பார்ப்பதில்லை.

பூமாரி பிள்ளையோடு சுவரருகே போனாள். ஒவ்வொரு எழுத்தாக விரல் வைத்து எண்ணினாள். எண்ணி முடித்து இன்னொரு தரம் எண்ணினாள்.

"ஆறு" என்றாள். "கொறை ஒண்ணுமில்ல."

வளைவில் பஸ் இரண்டு தரம் ஹாரன் அடித்தது. "போச் சொல்லு அவன" என்று யாரையும் பார்க்காமல் சொல்லிவிட்டு, கிழக்கே பார்த்துச் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள். துண்டை விலக்கி, வந்த மூன்று நாளில் முதல் தரமாகப் பிள்ளையின் முகத்தைப் பார்த்தாள். பிள்ளையும் அவளைப் பார்த்தது. அவள் குனிந்து வலது காதில், தென்காசி நாக்குக்கு அது புதுசு என்பதால் ஒவ்வொரு ஒலியாக வழி பார்த்து, ஃபார்லி என்றாள், ஃபார்லி என்றாள், மூன்றாம் தரம் சரளமாகவே ஃபார்லி என்றாள். தங்கப்பழம் குலவை போட்டாள். அற்புதமேரி சிஸ்டர் வாசலில் நின்று, நாற்பத்தோரு நாள் அடக்கிவைத்திருந்த சத்தத்தை எல்லாம் கூட்டி அந்தப் பேரைக் கீழ் லயங்களுக்குக் கேட்கும்படி சொன்னார்.

பூமாரி எழுந்திருக்கவில்லை. பிள்ளையை மடியில் ஆட்டிக்கொண்டே இருந்தாள், எதையோ கேட்கத் தயங்குகிறவள் போல. கடைசியில் தலையை நிமிர்த்தினாள்.

"ஏ பேச்சி, பேரு சரி. நாளப்பின்ன வெளையாட்டுக்குக் கூப்பிடுவோம், கோவத்துல கூப்பிடுவோம், சாப்பிடக் கூப்பிடுவோம். ஏலேன்னு கூப்பிடவா, ஏட்டீன்னு கூப்பிடவா?"

பேச்சித்தாய் கணவனின் முகவாயில் வழிந்த கருப்பை முந்தானையால் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"பேரச் சொல்லிக் கூப்பிடுங்க மதினி" என்றாள். "திரும்பிப் பாக்கும்."